டி. பி. ராஜலட்சுமியின் 'மிஸ் கமலா'

தமிழின் முதல் பேசும்படமான 'காளிதாஸ்' (1931) நாயகி என்றே டி. பி. ராஜலட்சுமி (1911–1964) நினைவுகூரப்படுகிறார். அவரது சாதனைகளில் அது சிறியதே. எச். எம். ரெட்டி இயக்கிய அப்படத்தில் அவர் தமிழில் பேச, நாயகன் தெலுங்கில் பதில் சொன்னார். வாய்ப்பு வந்தது, நடித்தார். 'மிஸ் கமலா' (1936) அவரே தேர்ந்தது. தாம் எழுதிய நாவலைத் தம் ராஜம் டாக்கீஸ் மூலம் தயாரித்து, இயக்கி, நடித்தார்.

நாவல் படமாவது அப்போது புதிதல்ல. 'மேனகா' (1935) வடுவூர் துரைசாமி ஐயங்காருடையது. 'சதிலீலாவதி' (1936) எஸ். எஸ். வாசனுடையது. இரண்டிலும் துன்புறும் மனைவியை எழுதியவரும் இயக்கியவரும் ஆண்கள். விருப்பமற்ற மணத்தில் சிக்கும் கமலாவை எழுதியவரோ, சிறுவயதில் செய்துவைத்த மணம் முறிந்து, பிழைப்புக்காக நாடகக் கம்பெனியில் சேர்ந்தவர்.

படச்சுருள் இன்று இல்லை. ஆகவே அவரது இயக்கத்தைப் புகழ்வதும் குறை கூறுவதும் ஊகமே. 'தமிழின் முதல் பெண் இயக்குநர்' என்ற பட்டம் பல கட்டுரைகளில் விமர்சனத்தின் இடத்தைப் பிடித்துக்கொள்கிறது. (இந்திய அளவில் ஃபாத்மா பேகம் 1926லேயே படம் இயக்கிவிட்டார்.) தலைப்பைக் கவனித்தால் கூடுதலாகத் தெரியும். நாவலின் பெயர் 'கமலவல்லி அல்லது டாக்டர் சந்திரசேகரன்'. திரைக்கு வந்தபோது டாக்டர் விலகிவிட்டார்; 'மிஸ்' என்ற அடைமொழியோடு கமலா மட்டும் நின்றாள்.

அடுத்து 'மதுரை வீரன்' தயாரித்தார். சமகாலக் கதையை விட்டு நாட்டார் கதைக்குத் திரும்பியது ஏமாற்றமே. ஆனால் சொந்தப் பணம் போட்டவருக்கு அன்றைய கொட்டகைக் கணக்கும் தெரிந்திருக்கும்.