நெய்யும் கிழங்கும்: பிரேம்சந்தின் இரு உருதுக் கதைகளிற் குடும்ப உறவு

உருதுப் புனைகதையிற் குடும்பம் தொடக்கத்திலிருந்தே போதனைக்குரிய பொருளாக இருந்து வந்துள்ளது. 1869இல் வெளிவந்த நசீர் அகமதுவின் ‘மிராத்துல் உரூஸ்’ அக்பரி, அஸ்கரி என்னும் இரு சகோதரிகளை எதிரெதிரே நிறுத்தி, வீட்டை ஆளத் தெரிந்தவளே உறவைக் காப்பவள் என்று கற்பித்தது. ஆங்கில அரசின் பரிசையும் அந்நூல் பெற்றது.

பிரேம்சந்த் இம்மரபின் வாரிசாகவே தோன்றுகிறார். 1910இல் கான்பூர் ‘ஸமானா’ இதழில் வெளிவந்த ‘படே கர் கீ பேட்டி’, அதாவது ‘பெரிய வீட்டுப் பெண்’, கூட்டுக்குடும்ப ஒற்றுமையைப் போற்றும் கதையாகவே பெரிதும் வாசிக்கப்பட்டு வந்துள்ளது. செல்வக் குடும்பத்திற் பிறந்த ஆனந்தி, நொடிந்துபோன நிலவுடைமையாளர் வீட்டிற்கு மருமகளாகிறாள். கொழுந்தன் கொண்டுவந்த இறைச்சிக்கு இருந்த நெய் முழுவதையும் ஊற்றிவிடுகிறாள், பருப்புக்கு நெய்யில்லை. அவன் அவளது பிறந்தகத்தை ஏளனஞ் செய்ய, அவளும் மறுமொழி கூற, மரப்பாதுகையை அவள்மீது எறிகிறான். தலையைக் காத்த கையின் விரலிற் காயம். கூட்டுக்குடும்பத்தை ஊரெங்கும் ஆதரித்துப் பேசிய கணவனே பிரிந்துபோக முற்படுகிறான். தம்பி மனம் வருந்தி வீட்டைவிட்டுப் புறப்பட, ஆனந்தியே அவனைத் தடுத்து நிறுத்துகிறாள்.

பாதுகையை எறிந்தவனைக் கண்டியாது, ஆடவரோடு பெண்கள் எதிர்வாதம் புரியலாகாதென்றே மாமனார் முதலில் நியாயம் பேசினார். இறுதியில் அவரே பெரிய வீட்டுப் பெண்கள் இத்தகையவர்கள் என்று மகிழ்கிறார். அப்புகழ் ஆனந்திக்குரியதன்று, அவள் பிறந்த வீட்டுக்குரியது! காயம் பட்டவளே மன்னிப்பையும் வழங்கியாக வேண்டும் என்பதுதான் இவ்வொற்றுமையின் நிபந்தனை.

கால்நூற்றாண்டின் பின், 1935இல், ‘ஜாமியா’ இதழில் வெளிவந்த ‘கஃபன்’ கதையிலும் உணவே முன்னிற்கின்றது. குடிசைக்குள் புதியா பிரசவ வேதனையில் துடிக்கிறாள். வாயிலில் அவளது கணவன் மாதவும் மாமன் கீசுவும் திருடிய உருளைக்கிழங்கைச் சுட்டுத் தின்கின்றனர். உள்ளே சென்றால் தந்தை பெரும்பங்கைத் தின்றுவிடுவாரே என மகன் அஞ்சுகிறான். அவள் இறந்தபின் சவச்சீலைக்கென இரந்து பெற்ற 5 ரூபாவைக் குடியிற் கரைக்கின்றனர். மாவரைத்தும் புல்லறுத்தும் இவ்விருவரின் வயிற்றை நிரப்பியவள் அவளே என்பது மனங்கொள்ளத்தக்கது.

சாதிப்பெயரை எடுத்த எடுப்பிலேயே கூறி அதனுடன் சோம்பலைப் பிணைத்தமைக்காகத் தலித் விமர்சகர்கள் இக்கதையைக் கண்டித்துள்ளனர். அக்கண்டனத்தைத் தட்டிக்கழித்தல் நேர்மையாகாது. எனினும், இரவுபகலாக உழைப்போரின் நிலையே இவர்களுடையதைவிட அதிகம் மேம்பட்டிராத ஒரு சமூகத்தில் இம்மனப்பாங்கு வியப்புக்குரியதன்று என்று கதைசொல்லி குறுக்கிட்டுக் கூறுமிடமும் உண்டு. காப்பதற்கு நிலமும் மானமும் இருந்த வீட்டிலே நெய்ச்சண்டை தீர்ந்தது. குடிசையிலோ காப்பதற்கு எதுவுமில்லை; தந்தை, மகன், கணவன் என்னும் பெயர்களே எஞ்சின. 1936இல் லக்னோவில் முற்போக்கு எழுத்தாளர் மாநாட்டுக்குத் தலைமை தாங்கிய பிரேம்சந்தை 1910இன் கதையிலன்றி இக்கதையிலேயே காண்கிறோம்.

எனினும் புதியா கதை முழுவதும் குடிசைக்குள்ளேயே கிடக்கிறாள். அவள் குரல் முனகலாக மட்டுமே கேட்கிறது. அக்குடிசைக்குள் நுழைந்தவர் இஸ்மத் சுக்தாய். அவரது ‘சௌத்தீ கா ஜோடா’வில், மகளுக்கு மாப்பிள்ளையாகக்கூடுமென்று நம்பி, வந்து தங்கிய உறவுக்கார இளைஞனுக்கு நகைகளை விற்று விருந்து படைக்கின்றனர். உண்டு களித்தபின் அவன் வேறிடத்தில் மணம்முடிக்கப் போய்விடுகிறான். கதையைச் சொல்பவள் தங்கை. திருமண உடை வெட்டுவதில் ஊரறிந்த கைத்திறன் வாய்ந்த தாய், இறுதியில் அதே கத்தரிக்கோலால் மூத்த மகளுக்குச் சவச்சீலை வெட்டுகிறாள்.