வாக்கு ஆசனமாகும் வழி

தேர்தல் முடிவுகள் வெளியான மறுநாட் காலையில் நம் பத்திரிகைகள் தவறாது பொறிக்கும் வாக்கியம் ஒன்றுண்டு. 'மக்கள் தங்கள் தீர்ப்பை வழங்கிவிட்டனர்' என்பதே அது. தீர்ப்பு என்ற சொல்லின்மீது எனக்கு நெடுநாளாகவே ஓர் ஐயமுண்டு. தீர்ப்பென்றால் வழக்கைக் கேட்டவரே அதனை எழுதவும் வேண்டும். தேர்தலிலோ வாக்காளர் தம் புள்ளடியை இட்டுவிட்டு வீடு திரும்பிவிடுகிறார். அப்புள்ளடிகளைக் கூட்டி, வகுத்து, மீதியைக் கழித்து, இன்னாருக்கு இத்தனை ஆசனம் என அறுதியிடுவது கணக்கு விதியொன்று. ஒரே வாக்குகளை இருவேறு விதிகளிடம் ஒப்படைத்தால் இருவேறு பாராளுமன்றங்கள் பிறக்கும். ஆகவே மக்களின் தீர்ப்பில் பாதியை எழுதுவது அந்த விதியே என்றால் மிகையாகாது.

இதனை வெறும் தத்துவமாகப் பேச வேண்டியதில்லை. இலங்கைத் தீவு கடந்த அரை நூற்றாண்டில் ஒன்றன்பின் ஒன்றாகப் பல தேர்தல் முறைகளைக் கையாண்டு பார்த்த நாடு. தொகுதிவாரி முறை, பல அங்கத்தவர் தொகுதி, விகிதாசாரப் பிரதிநிதித்துவம், விருப்பு வாக்கு, கலப்பு முறை என அனைத்தையும் அது கண்டிருக்கிறது. சிறுபான்மையினராகிய தமிழரும் முஸ்லிம்களும் இவற்றின் நன்மை தீமைகளைத் தம் தோளில் சுமந்தும் இருக்கின்றனர்.

1970 மே மாதத் தேர்தலை முதலில் நோக்குவோம். ஐக்கிய தேசியக் கட்சி பெற்ற வாக்குகள் நூற்றுக்கு ஏறத்தாழ 38. கிடைத்த ஆசனங்களோ 151 இல் 17. ஸ்ரீ லங்கா சுதந்திரக் கட்சி பெற்றது நூற்றுக்கு 37 அளவே. கிடைத்த ஆசனங்கள் 91. அதிக வாக்குப் பெற்ற கட்சி எதிரணியின் மூலையில் ஒடுங்க, அதற்கடுத்து வந்த கட்சி ஆட்சி பீடம் ஏறிற்று. இவ்விடத்தில் நியாயம் கருதி ஒன்றைச் சொல்ல வேண்டும். சுதந்திரக் கட்சி தனித்து நிற்கவில்லை. இடதுசாரித் தோழர்களுக்குத் தொகுதிகளை விட்டுக்கொடுத்தே நின்றது. ஆதலால் கூட்டணியின் மொத்தத்தைக் கொள்வதே முறை. அவ்வாறு கொண்டாலும் நூற்றுக்கு 49 வாக்குக்கு 116 ஆசனம், அதாவது நான்கில் மூன்று பங்குக்கும் மேல். அந்தச் சபையே அரசியல் நிர்ணய சபையாகக் கூடி 1972 இல் குடியரசு யாப்பை இயற்றியது. சோல்பரி யாப்பின் 29 ஆம் பிரிவு சிறுபான்மையினருக்கு அளித்திருந்த காப்பு அதில் இடம்பெறவில்லை. சபை தன் ஆயுளையும் 1977 வரை தானே நீட்டிக்கொண்டது. நாட்டின் சரி பாதிப் பேர்கூட வாக்களிக்காத ஓர் அணி நாட்டின் அடிப்படைச் சட்டத்தையே மாற்றி எழுத முடிந்ததென்றால், அந்த வலிமையை ஈந்தது வாக்குப் பெட்டியா, வகுத்தல் கணக்கா?

1977 ஜூலையில் சக்கரம் மறுபுறம் உருண்டது. ஐக்கிய தேசியக் கட்சி நூற்றுக்கு 51 வாக்குக்கு 168 இல் 140 ஆசனங்களை வாரிக்கொண்டது. சுதந்திரக் கட்சிக்கு நூற்றுக்கு 30 அளவு வாக்கிருந்தும் எட்டே ஆசனங்கள்தாம். நூற்றுக்கு 6.4 வாக்குப் பெற்ற தமிழர் விடுதலைக் கூட்டணிக்கோ 18. திரு. அமிர்தலிங்கம் எதிர்க்கட்சித் தலைவரானார். முப்பதுக்கு எட்டும் ஆறுக்குப் பதினெட்டும் எவ்வாறு என்று வாசகர் வியக்கலாம். வியப்பதற்கு ஒன்றுமில்லை. தொகுதிவாரி முறை தலைகளை எண்ணுவதோடு, அவை எங்கே இருக்கின்றன என்பதையும் எண்ணுகிறது. கூட்டணியின் வாக்குகள் வடக்கிலும் கிழக்கிலும் செறிந்திருந்தன; சுதந்திரக் கட்சியின் வாக்குகள் நாடெங்கும் மெல்லிய படலமாய்ப் பரவி, தொகுதிதோறும் இரண்டாமிடம் பெற்று வீணாயின. செறிந்திருந்தால் செல்வம், சிதறியிருந்தால் வறுமை என்பதே அம்முறையின் உள்ளார்ந்த இயல்பு.

இலங்கை முஸ்லிம்களின் நிலையை இங்கேதான் கருத வேண்டும். அவர்களுள் ஏறத்தாழ மூன்றில் ஒரு பங்கினரே கிழக்கில் செறிந்து வாழ்கின்றனர். ஏனையோர் கண்டி, கொழும்பு, களுத்துறை, புத்தளம், கேகாலை, குருநாகல் எனத் தீவெங்கும் சிறு சிறு ஊர்களாகச் சிதறியிருப்பவர்கள். தூய தொகுதிவாரி முறையில் இச்சிதறலுக்குப் பரிசு பூச்சியமே. அதனை உணர்ந்துதான் எல்லை நிர்ணயம் செய்தோர் ஓர் உபாயம் கண்டனர். பல இனத்தவர் கலந்து வாழும் இடங்களில் தொகுதியைத் துண்டாடாது, ஒரே தொகுதிக்கு இரண்டு அல்லது மூன்று அங்கத்தவர் என விதித்தனர். 1960 முதல் 1970 வரை அக்குறணை, மூதூர், மட்டக்களப்பு, மத்திய கொழும்பு முதலியனவும், 1977 இல் ஹாரிஸ்பத்துவ, பேருவளை, பொத்துவில் முதலியனவும் இவ்வகையின. இங்கே சிறுபான்மை வேட்பாளர் முதலிடம் பெற வேண்டுவதில்லை. இரண்டாமிடமோ மூன்றாமிடமோ போதும். 1977 இல் மூன்று அங்கத்தவர் தொகுதியாகிய நுவரெலியா மஸ்கெலியாவில் ஐக்கிய தேசியக் கட்சியின் காமினி திசாநாயக்கவும், சுதந்திரக் கட்சியின் அநுர பண்டாரநாயக்கவும், தோட்டத் தொழிலாளர் தலைவர் சௌமியமூர்த்தி தொண்டமானும் ஒருசேரத் தெரிவாயினர். நாடெங்கும் 140 ஆசனங்களை ஒரு கட்சிக்கு அள்ளிக் கொடுத்த அதே நாளில், அந்த ஒரு தொகுதியில் மட்டும் மூன்று கட்சியினருக்கு இடம் கிடைத்தது. தேர்தல் விதிகளை ஆராய்வோர் இச்சிறு தொகுதியைப் போதுமான அளவு கவனித்ததாகத் தெரியவில்லை.

1970 இல் இந்த முறையால் அடிபட்டவர் ஜே. ஆர். ஜயவர்தன. 1977 இல் அதே முறையால் அளவிறந்த பலம் பெற்றவரும் அவரே. அப்பலத்தைக் கொண்டு 1978 யாப்பில் விகிதாசாரப் பிரதிநிதித்துவத்தைப் புகுத்தினார். பழைய வலியின் நினைவு என்று சிலரும், இனி எவரும் மூன்றில் இரண்டு பெற்றுத் தன் யாப்பை மாற்றலாகாது என்ற முன்யோசனை என்று சிலரும் கூறுவர். இரண்டும் உண்மையாயிருக்கலாம். எனினும் தாம் எழுதிய புதிய விதியைத் தம் பாராளுமன்றத்துக்குப் பொருத்தும் அவசரம் அவருக்கு இருக்கவில்லை. 1982 டிசம்பரில் சர்வஜன வாக்கெடுப்பு நடத்தி, பழைய விதியால் கிடைத்த சபையையே மேலும் ஆறாண்டுகள் நீடித்தார். விகிதாசார முறையில் முதற் பொதுத் தேர்தலை மக்கள் கண்டது 1989 இல்தான்.

விகிதாசாரம் என்ற சொல்லைக் கேட்டதும் நூற்றுக்குப் பத்து வாக்குக்கு நூற்றுக்குப் பத்து ஆசனம் என எண்ணிவிடலாகாது. 1978 யாப்பு மாவட்டத்தில் எட்டில் ஒரு பங்கு, அதாவது நூற்றுக்குப் பன்னிரண்டரை வாக்குப் பெறாத கட்சியைக் கணக்கிலிருந்தே விலக்கியது. இருபது அங்கத்தவர் கொண்ட மாவட்டமொன்றில் பன்னிரண்டு வீதம் பெற்ற கட்சிக்கு முறைப்படி இரண்டு ஆசனங்கள் உரியன. வெட்டுப்புள்ளி அவ்விரண்டையும் பறித்துவிடும். கொழும்பிலோ கண்டியிலோ முஸ்லிம்கள் தனித்து நின்று பன்னிரண்டரையை எட்டுவது எளிதன்று. சட்டத்தரணியும் கவிஞருமான எம். எச். எம். அஷ்ரப் இதனை நுணுகி அறிந்திருந்தார். அவர் வலியுறுத்திய கோரிக்கையே 1988 டிசம்பரில் 15 ஆம் திருத்தமாக உருப்பெற்று, வெட்டுப்புள்ளி ஐந்து வீதமாயிற்று. அடுத்த ஆண்டு ஸ்ரீ லங்கா முஸ்லிம் காங்கிரஸ் நான்கு ஆசனங்களுடன் பாராளுமன்றம் புகுந்தது. 1994 இல் ஏழு ஆசனங்கள். பொதுஜன ஐக்கிய முன்னணிக்கு 225 இல் 105 மட்டுமே கிடைத்திருந்த நிலையில், நாடளாவிய வாக்கில் இரண்டு வீதத்தையும் எட்டாத கட்சி ஆட்சியை நிர்ணயித்தது.

இதனைக் கண்டு 'சிறு கட்சிகளின் பேரம்' என்று முகஞ்சுளித்தோர் பலர். 49 வீதம் பெற்று நான்கில் மூன்று பங்கைக் கொண்டுபோனவர்களைக் கண்டு அவர்கள் இவ்வாறு முகஞ்சுளித்ததில்லை என்பது என் குறை. அதே 1994 இல் போர் சூழ்ந்த யாழ்ப்பாண மாவட்டத்தில் சுமார் பத்தாயிரம் வாக்குகளைக் கொண்டே ஒன்பது ஆசனங்கள் ஓர் அணிக்குக் கிடைத்தன. மாவட்டத்துக்கான ஆசனங்கள் பதிவான வாக்காளர் தொகையை ஒட்டி முன்னரே வகுக்கப்படுகின்றன. வாக்களிக்க எத்தனை பேர் வந்தனர் என்பதை அவ்விதி பாராது.

அவ்விதியின் உட்புறத்தைக் காண, அண்மைய உதாரணம் ஒன்றை எடுத்துக்கொள்கிறேன். எண்களைக் கண்டதும் பக்கத்தைப் புரட்டும் வாசக நண்பர் சற்றுப் பொறுத்தருள்க. 2024 நவம்பரில் யாழ்ப்பாண மாவட்டத்துக்கு ஆறு ஆசனங்கள். தேசிய மக்கள் சக்தி 80,830 வாக்குகளும், தமிழரசுக் கட்சி 63,327 வாக்குகளும் பெற்றன. தமிழ்க் காங்கிரசும் ஒரு சுயேச்சைக் குழுவும் தனித்தனியே 28 ஆயிரத்துக்குச் சற்றுக் குறைய. ஐந்து வீதத்தைத் தாண்டிய வேறு இரு கட்சிகளும் இருந்தன. முதலிடம் பெற்றவருக்குப் போனஸ் ஆசனம் ஒன்று முதலிலேயே எடுத்து வைக்கப்படும். எஞ்சிய ஐந்தால், வெட்டுப்புள்ளியைத் தாண்டியோரின் மொத்த வாக்கை வகுத்தால் ஓர் ஆசனத்தின் விலை சுமார் 48 ஆயிரம். அதன்படி முதலிரு கட்சிகளுக்கும் ஒவ்வோர் ஆசனம். இன்னும் மூன்று மிச்சம். அவை பெரிய மீதி உடையவருக்கு. தேசிய மக்கள் சக்தியின் மீதி 32 ஆயிரத்துக்கு மேல், தமிழரசுக் கட்சியின் மீதி 15 ஆயிரமே. ஆகவே ஒன்று முன்னதற்கு, ஏனைய இரண்டும் 28 ஆயிரத்தாருக்கு. முடிவு யாதெனில், அளிக்கப்பட்ட வாக்கில் நான்கில் ஒரு பங்கைப் பெற்ற கட்சிக்குப் பாதி ஆசனம். 63 ஆயிரத்துக்கும் ஒன்று, 28 ஆயிரத்துக்கும் ஒன்று.

'யாழ்ப்பாணம் தெற்கோடு இணைந்தது' என்று அன்று எழுதியோர் இவ்வகுத்தலைச் செய்து பார்த்திருப்பின் பேனாவைச் சற்று மெதுவாக ஓட்டியிருப்பர். தமிழ்க் கட்சிகள் பலவாகப் பிரிந்து நின்றன என்பதும், போனஸ் ஆசனம் தனிப்பெருங் கட்சிக்கே போகும் என்பதும் அங்கே பாதிக் கதை. நாட்டளவிலும் அவ்வாறே. 22 மாவட்டங்களில் மட்டக்களப்பு நீங்கலாக 21 இல் முதலிடம் பெற்றதால் அக்கட்சிக்கு 21 போனஸ் ஆசனங்கள் சேர்ந்தன. 61.5 வீத வாக்குக்கு 225 இல் 159. விகிதாசார முறையில் எவரும் தனித்து மூன்றில் இரண்டைத் தொட முடியாதென்ற பழைய நம்பிக்கை அத்துடன் தகர்ந்தது.

சிதறி வாழ்வோருக்கு இம்முறை செய்த உதவியையும் மறைக்கலாகாது. கட்சிப் பட்டியலில் மூவருக்கு விருப்பு வாக்கு இடலாம் என்பதால், ஒரு மாவட்டம் முழுதும் பரந்திருக்கும் முஸ்லிம்கள் தம் விருப்பை ஒருவர்மீது குவிக்க இயலுகிறது. கேகாலை மாவட்டத்திலிருந்து கபீர் ஹாசிம் பலமுறை தெரிவானதைத் தொகுதிவாரி முறையில் எண்ணிப் பார்ப்பதும் அரிது. புத்தளத்தில் முஸ்லிம்கள் கணிசமாக வாழ்ந்தும், வாக்குகள் பல பட்டியல்களில் பிரிந்ததால் நெடுங்காலம் எவரும் மாவட்டத்திலிருந்து தெரிவாகவில்லை. 2020 இல் ஒரே பட்டியலில் ஒன்றுபட்டு நின்று சுமார் 56 ஆயிரம் வாக்குகளால் ஓர் ஆசனத்தை வென்றனர். ஆயினும் விருப்பு வாக்கு ஒரே கட்சியின் வேட்பாளரை ஒருவரோடொருவர் மோத வைத்தது. மாவட்டம் முழுதும் சுவரொட்டி ஒட்ட வல்ல பணக்காரருக்கே வழிவிட்டது. கிழக்கில் ஊருக்கு ஊர் போட்டியாகவும் அது முடிந்தது. எங்கள் ஊருக்கு ஓர் எம்.பி. என்ற முழக்கத்தில் சமூகம் என்ற சொல் கரைந்துபோனதை நேரிற் கண்டவர்கள் அறிவர்.

ஜனாதிபதித் தேர்தலின் கணக்கு வேறு. அங்கே வாக்காளர் முதலாம், இரண்டாம், மூன்றாம் விருப்புகளைக் குறிக்கலாம். எவரும் ஐம்பது வீதத்தைத் தாண்டாவிடில் முதலிருவர் தவிர்ந்த ஏனையோரின் வாக்குச்சீட்டுகளில் அடுத்த விருப்பு எண்ணப்படும். 1982 முதல் ஏட்டில் உறங்கிய இவ்விதி முதன்முறையாக 2024 செப்டெம்பரில் விழித்தது. அநுர குமார திசாநாயக்க முதற் கணக்கில் 42.31 வீதம், சஜித் பிரேமதாச 32.76 வீதம். இரண்டாம் கணக்கின்பின் திசாநாயக்க 55.89 வீதத்தால் வென்றார் என அறிவிக்கப்பட்டது. அவருக்கு அதில் கூடியவை 105,264 வாக்குகள், பிரேமதாசவுக்கு 167,867. விலக்கப்பட்ட வேட்பாளர்களின் வாக்குகள் 33 இலட்சத்துக்கு மேல். அவற்றுள் இவ்விருவருக்கும் வந்து சேர்ந்தவை மூன்று இலட்சமும் இல்லை. ஏனைய சீட்டுகளில் இவ்விருவருள் எவருக்கும் அடுத்த விருப்பு இடப்படாமையால் அவை கணக்கினின்று நீங்கின. முதலில் எண்ணப்பட்ட செல்லுபடியான வாக்கு முழுவதையும் வைத்துப் பார்த்தால் வென்றவரின் பங்கு 43 வீதத்தை அடுத்தே நிற்கிறது. 55.89 என்பது பொய்யன்று. எஞ்சிய சீட்டுகளின் வீதம் அது. வென்றவரின் தகுதியை நான் இங்கு வினவவில்லை. முதலிடம் அவருக்கே உரியது. பெரும்பான்மை என்ற சொல் எதன் பெரும்பான்மை எனக் கேட்கப்படாமலே ஏற்கப்பட்டதைத்தான் சுட்டுகிறேன்.

கலப்பு முறையைப் பற்றிச் சுருங்கச் சொல்லலாம். 2018 பெப்ரவரி உள்ளூராட்சித் தேர்தலில் அறுபது வீதம் வட்டாரத்திலிருந்தும் நாற்பது வீதம் பட்டியலிலிருந்தும் எனப் பங்கிட்டனர். வட்டாரங்களில் தன் விகிதத்துக்கு மேல் வென்றவரிடமிருந்து எதையும் பறிக்க இயலாமையால் சபைகளின் அங்கத்தவர் தொகை பெருகி, நாடு முழுதும் எண்ணாயிரத்தையும் கடந்தது. பல சபைகளில் எவருக்கும் பெரும்பான்மையில்லை.

மாகாண சபைகளுக்கும் கலப்பு முறையைக் கொணரும் சட்டம் 2017 இல் நிறைவேறிற்று. அதற்கென வரையப்பட்ட எல்லை நிர்ணய அறிக்கையில் தம் பிரதிநிதித்துவம் குன்றும் என முஸ்லிம் கட்சிகள் முறையிட்டன. 2018 ஆகஸ்டில் அவ்வறிக்கை பாராளுமன்றத்தில் வாக்கெடுப்புக்கு வந்தபோது ஆதரவாக ஒரு கைகூட உயரவில்லை. அதனைச் சமர்ப்பித்த அமைச்சரும் எதிர்த்தே வாக்களித்தார். பழைய விதி நீங்கிற்று, புதிய விதிக்கு எல்லைகள் இல்லை. 2014 இல் ஊவாவில் நடந்ததற்குப் பின் பத்தாண்டுகள் சென்றும், ஒன்பது மாகாணங்களில் எதிலும் மாகாண சபைத் தேர்தல் நடைபெறவில்லை.