மரபும் வினாவும்

1960களின் முற்பகுதியில் ஈழத்து இலக்கிய உலகில் மரபுப் போராட்டம் எழுந்தபோது, பண்டித மரபினர் சிலர் உழைக்கும் மக்களின் பேச்சை 'இழிசனர் வழக்கு' என ஒதுக்கினர். இக்கொள்கையை அவர்கள் போற்றும் நூலைக் கொண்டே நாம் ஆராய்தல் தகும்.

மாணாக்கன் நூல் பயிலும் முறையைக் கூறுமிடத்து, நன்னூற் பொதுப்பாயிரம் வழக்கறிதலை முதற்கண் வைக்கின்றது. பாடம் போற்றலோடு வினாதலையும், வினாயவற்றுக்கு விடை கூறலையும் விதிக்கின்றது. நெட்டுருவைக் காத்து, வழக்கையும் வினாவையும் விலக்குவோர் மரபின் ஒரு கூற்றையே காக்கின்றனர்.

ஆறுமுக நாவலரை வழிகாட்டியாகக் கொள்வோர் அவர்தம் செயல்களையும் நோக்குதல் வேண்டும். அவர் 1848இல் வண்ணார்பண்ணையிற் பாடசாலை நிறுவினார், அச்சுக்கூடம் அமைத்தார், சிறுவர்க்கென உரைநடையிற் பாலபாடங்கள் எழுதினார். காலத்தின் தேவையறிந்து கற்பிக்கும் முறையை மாற்றியவரன்றோ அவர்!

சொல்தோறும் பொருள் நாடிப் பாடஞ் சொல்லும் பண்டிதர்தம் நுணுக்கம் எம் வகுப்பறைகளுக்கு இன்றும் வேண்டற்பாலது. அதனை இழக்க நாம் ஒருப்படோம். ஆனால் திண்ணையிற் சிலர்க்கே வாய்த்த அக்கல்வி யாவர்க்கும் உரியதாதல் வேண்டும். சாதியின் பேரால் அன்று படிக்கு வெளியே நிறுத்தப்பட்டவனின் வழித்தோன்றல் தன் பேச்சிலேயே வினாவெழுப்ப, ஆசிரியன் அதனை மதித்து விடை கூறும்போதே மரபு முழுமை பெறும்.