அவ வந்துட்டா, கதவைச் சாத்து!

சொன்னா சிரிப்பீங்க. சிரிங்க, பரவாயில்லை. கொடைக்கானல் நாயுடுபுரத்தில் எங்க வீட்டுக்குப் போக ரோட்டிலிருந்து நாற்பத்து மூணு படி இறங்கணும். அந்தப் படியில் வச்சுத்தான் நான் நடிகை ராதிகாவுக்கு ரசிகன் ஆனேன். தியேட்டரில் இல்லை, டிவிக்கு முன்னாலகூட இல்லை. படியில், இருட்டில், முகமே தெரியாம!

நினைச்சுப் பாருங்க. 2000-ம் வருஷம், டிசம்பர் மாசம். ஒரு ஓட்டலில் எனக்கு மேஜை துடைக்கிற வேலை. வேலை முடிஞ்சு பஸ் ஸ்டாண்டிலிருந்து நடந்தே வர்றேன். பனின்னா அப்படியொரு பனி, கையை நீட்டினா விரல் தெரியாது. தைல மர வாசனையும் யார் வீட்டிலேயோ எரியுற விறகுப் புகையும் மூக்கில் ஏறுது, காது ரெண்டும் மரத்துப்போச்சு. ரோட்டில் ஒரு ஜீவன் கிடையாது, நாய்கூட எங்கேயோ சாம்பல் மேட்டில் சுருண்டு கிடக்கு. முதல் படியில் காலை வைக்கிறேன், வலது பக்கத்து வீட்டு ஜன்னலிலிருந்து பாட்டு கிளம்புது. நித்யஸ்ரீ குரல், தினா இசை, 'சித்தி' சீரியல் ஆரம்பிச்சிடுச்சு! அஞ்சாவது படியில் இடது பக்கத்து வீடு, அதே பாட்டு. பன்னிரண்டாவது படியில் கீழ் வீடு, அதே பாட்டு. மலைச்சரிவில் அடுக்கடுக்கா வீடு, வீட்டுக்கு வீடு அதே பாட்டு, நடுவில் பஞ்சு மாதிரி பனி. பாட்டு முடிஞ்சு ராதிகா அம்மா பேச ஆரம்பிச்சாங்க பாருங்க, இருபதாவது படியில் நான் அப்படியே நின்னுட்டேன். எட்டு வீட்டிலிருந்து ஒரே குரல். எந்தப் பக்கமிருந்து வருதுன்னே தெரியலை, பனியே வாய் திறந்து பேசுற மாதிரி இருந்தது!

எவ்வளவு நேரம் நின்னேனோ, விளம்பர இடைவேளை வந்த பிறகுதான் குளிரே உறைச்சது. ஓடிப்போய்க் கதவைத் தள்ளினேன். கம்பளிக்குள்ளே இருந்து அப்பத்தா கத்துச்சு: "கதவைச் சாத்துடா, பனி உள்ள வருது! அவ வந்துட்டா!"

அப்பத்தாவுக்கு ராதிகா என்ற பேரும் கிடையாது, சாரதா என்ற பாத்திரத்துப் பேரும் கிடையாது. 'அவ', அவ்வளவுதான். அவ சாப்பிட்டாளா, அவ புருஷன் என்ன சொன்னான், அந்தப் பிரபாவதி இன்னிக்கு அவளை என்ன பண்ணப்போறா? பிரபாவதியா வந்த யுவராணி மட்டும் அந்த நேரத்தில் கொடைக்கானலுக்கு வந்திருந்தா அப்பத்தா என்ன செஞ்சிருக்கும்னு எனக்குச் சொல்லத் தெரியலை. அடுப்பங்கரையில் ஊதுகுழல் ஒண்ணு இருந்தது, அதை மட்டும் சொல்லிக்கிறேன்.

அந்தக் குரலைப் பத்தி என்ன சொல்ல! குயில் கியில் எல்லாம் கிடையாதுங்க. தேனும் கிடையாது. தாண்டிக்குடிக் காப்பிக்கொட்டையை வறுத்து அப்போதான் அரைச்சா ஒரு கரகரப்பு இருக்குமே, அது. அடியில் லேசாக் கசக்கும், மேலே மணக்கும். கோபத்தில் உயர்ந்தா உடையும், அழுகையில் தாழ்ந்தா நம்ம நெஞ்சுக்குள்ளே போய் உட்கார்ந்துக்கும். எங்கிருந்து வந்ததுன்னு கேட்கவும் வேணுமா? எம்.ஆர்.ராதா மகளாச்சே! ஒரே வசனத்தில் ரெண்டு மூணு குரலை மாத்தி மாத்திப் பேசி தமிழ்நாட்டையே கட்டிப்போட்ட நடிகவேள் வீட்டுச் சொத்து அது. 'கிழக்கே போகும் ரயில்' 1978-ல் வந்தப்போ இந்தப் பொண்ணுக்குப் பதினாறு வயசுகூட நிரம்பலை. பாஞ்சாலியாக் கொண்டுவந்து நிறுத்தினவர் பாரதிராஜா, இதோ எங்க மலைக்கு அந்தப் பக்கம் கீழே தேனி அல்லிநகரத்துக்காரர். அதனால ராதிகா பாதி எங்க ஊருன்னு நான் டீக்கடையில் வாதாடியிருக்கேன். யாரும் ஒத்துக்கலை. அது அவங்க பிரச்சினை.

'கிழக்குச் சீமையிலே' வந்தது 1993-ல். விருமாயியா வந்த ராதிகாவைப் பார்த்துட்டு, உசிலம்பட்டிப் பக்கம் பிறந்த எங்க அப்பத்தா சத்தியம் பண்ணிச் சொன்னது, "இவ நம்ம ஊருப் பொம்பளைடா". பட்டணத்தில் வளர்ந்த நடிகைன்னு நான் எடுத்துச் சொன்னா என் மேல கோபம். அண்ணனா விஜயகுமார், புருஷனா நெப்போலியன், ரெண்டு பேருக்கும் நடுவில் கிடந்து அல்லாடுற அந்தப் பொம்பளை வாய் திறந்து அழுவுற அழுகையில் எங்க தெருப் பொம்பளைங்க அத்தனை பேரோட அழுகையும் இருந்தது. நடிப்புன்னு ஒத்துக்க அப்பத்தாவுக்கு எப்படி மனசு வரும்?

இப்போ நான் கண்டுபிடிச்ச ஒண்ணைச் சொல்றேன், கொஞ்சம் நிமிர்ந்து உட்காருங்க. 1990-ல் வசந்த் இயக்கின முதல் படம் 'கேளடி கண்மணி'. அதில் ராதிகா டீச்சர். மனைவியை இழந்து மகளோட இருக்கிற எஸ்.பி.பாலசுப்ரமணியத்தை விரும்புறாங்க. அந்தச் சின்னப் பொண்ணு 'வேண்டாம்'னு முரண்டு பிடிக்குது, கல்யாணம் நடக்காமப் போகுது. அந்த டீச்சர் பேரு என்ன? சாரதா! ஒன்பது வருஷம் கழிச்சு, 1999 டிசம்பரில், சன் டிவியில் 'சித்தி'. மனைவியை இழந்த சிவகுமார், அவருக்கு ஒரு சின்னப் பொண்ணு, அந்தப் பிள்ளைக்குச் சித்தியா வந்து உயிரைக் கொடுத்து வளர்க்கிற பெண் பேரு என்ன? சாரதா!! கை நடுங்குதா இல்லையா? எனக்கு நடுங்குச்சு. ராத்திரி பதினொரு மணிக்கு இது மண்டையில் உறைச்சு, எழுந்து போய்த் தூங்கிட்டிருந்த அப்பாவை எழுப்பிச் சொன்னேன். "லைட்டை அணைடா"ன்னார். அவருக்குப் புரியலை. சினிமாவில் சித்தியாகக் கொடுத்து வைக்காத சாரதாவுக்கு டிவி பரிகாரம் பண்ணியிருக்குங்க! யாரும் திட்டமிட்டுச் செஞ்சதா இருக்காது, பேரு தற்செயலா ஒத்துப்போயிருக்கும். இருந்துட்டுப் போகட்டும், எனக்கு அது ஒரே சாரதாதான்.

அதுக்கப்புறம் பிடிக்க முடியலை. 'அண்ணாமலை', 'செல்வி', 'அரசி', 'செல்லமே'ன்னு வரிசையா, எல்லாம் அவங்க சொந்தக் கம்பெனி ராடான் எடுத்தது. ராத்திரி ஒன்பதரைன்னா ராதிகா. எங்க மலையில் குறிஞ்சி பன்னிரண்டு வருஷத்துக்கு ஒரு தடவை பூக்கும், 2006-ல் பூத்தது, 2018-ல் பூத்தது. பஸ் பஸ்ஸா ஜனம் வந்து குறிஞ்சி ஆண்டவர் கோயில் பக்கம் இறங்கி ஆச்சரியப்பட்டுட்டுப் போச்சு. 2006-ல் எங்க வீட்டில் 'செல்வி' ஓடிக்கிட்டிருந்தது, 2018-ல் 'வாணி ராணி'. ஒரு பூவுக்கும் அடுத்த பூவுக்கும் நடுவில் அந்த அம்மா ஒன்பதரை மணியை விட்டு நகரவே இல்லை. எது அதிசயம்னு நீங்களே சொல்லுங்க!

'வாணி ராணி'! 2013 ஜனவரியில் ஆரம்பிச்சு 2018 டிசம்பர் வரைக்கும், ஆயிரத்து எழுநூறு எபிசோடுக்கு மேலே. இரட்டைச் சகோதரிகள், அண்ணன் தம்பியைக் கட்டிக்கிட்டவங்க. வக்கீல் வாணிக்கு வேணு அரவிந்த், ராணிக்குப் பப்லு. ஒரு ராதிகாவுக்கே நிலைகுலையிற ஆளுக்கு முன்னால ரெண்டு ராதிகாவை எதிரும் புதிருமா நிறுத்தினா என்ன ஆகும்? நான் கண்ணை மூடிக்குவேன், நிஜமா, டிவிக்கு முன்னால உட்கார்ந்து கண்ணை மூடிக்கிட்டு, இப்போ பேசுறது வாணியா ராணியான்னு குரலை வச்சே சொல்லுவேன். வாணி பேசினா வார்த்தை நிறுத்து வரும், தராசில் வச்ச மாதிரி, கடைசி எழுத்து வரைக்கும் அழுத்தமா. ராணி பேசினா மூச்சு முந்திக்கும், வார்த்தை பின்னாலேயே ஓடி வரும். ஒரே தொண்டை, ஒரே கரகரப்பு, ரெண்டு மனுஷி! ஒரு தடவைகூட நான் தோத்ததில்லை. என் பொண்டாட்டி பந்தயம் கட்டிப் பந்தயம் கட்டி ஒரு சீசன் பேரிக்காய் விற்ற காசில் பாதியை என்கிட்டே விட்டிருக்கா. அந்தக் காசை வச்சு பெரிய டிவி வாங்கினேன், எதுக்குன்னு கேட்கவும் வேணுமா!

பைத்தியம்தான், ஒத்துக்கிறேன். ஏரிக்கரையில் ஷூட்டிங், ராதிகா வந்திருக்காங்கன்னு யாரோ சொன்ன ஒரு வார்த்தைக்கு, கழுவின கை காயாம நாயுடுபுரத்திலிருந்து ஏரி வரைக்கும் ஓடினவன் நான். கையில் ஒரு கிலோ மலைப்பூண்டு, அவங்களுக்குக் கொடுக்க! பூண்டு, யோசிச்சுப் பாருங்க! போய்ப் பார்த்தா வேற ஏதோ படம், வேற யாரோ. பூண்டோட திரும்பி வந்தேன். அப்பத்தா ரசம் வச்சது.

சீரியல்னா இழுக்குறாங்க, எப்பப் பார்த்தாலும் அழுவாச்சி, வில்லத்தனத்துக்கு அளவே இல்லைன்னு படிச்சவங்க சொல்லுவாங்க. சில வாரம் கொஞ்சம் இழுத்தது உண்மைதான். நாற்பத்து மூணு படியும்தான் இழுக்குது, வீட்டுக்குப் போகாம இருக்கோமா? அப்படிச் சொல்றவங்க 2015-ல் 'நானும் ரௌடிதான்' பார்த்திருக்கணும். போலீஸ் அம்மாவா வந்து விஜய் சேதுபதியைச் சிரிச்சுக்கிட்டே வெளுக்குற அழகு! அடுத்த வருஷமே 'தர்மதுரை'யில் அதே பையனுக்கு, தேனிப் பக்கத்துக் கிராமத்து அம்மா. சிரிப்பு காட்டின அந்தக் கண்ணிலேயே இப்போ வேற ஒரு பாரம். கதாநாயகியா ஆரம்பிச்சவங்க அம்மா வேஷத்துக்கு வந்தா சுருங்கிப்போறதுதான் வழக்கம். இவங்க விரிஞ்சாங்க.

2019 டிசம்பரில் கலர்ஸ் தமிழில் 'கோடீஸ்வரி' தொடங்கினாங்க, பெண்களுக்காகவே நடந்த போட்டி. அதுக்குள்ளே அப்பத்தாவுக்குக் காது முழுசாவே அடைச்சுப்போச்சு. பக்கத்தில் பட்டாசு வெடிச்சாலும் திரும்பாது. அப்பவும் ராத்திரியானா கம்பளியைப் போர்த்திக்கிட்டு டிவிக்கு முன்னால வந்து உட்காரும். எனக்கு மனசு கேட்காது. அந்தக் குரல் இல்லாம அதில் என்ன இருக்கு? பால் இல்லாத காப்பி இல்லையா?

2020 ஜனவரியில் ஒரு ராத்திரி. எதிர் நாற்காலியில் மதுரைக்காரப் பொண்ணு. காது கேட்காது, பேச்சும் வராது. ராதிகா எதிரே உட்கார்ந்து ஒவ்வொரு கேள்வியாக் கேட்கிறாங்க, அந்தப் பொண்ணு ஒவ்வொண்ணாத் தாண்டித் தாண்டிப் போகுது, என் உள்ளங்கையெல்லாம் வேர்வை, கொடைக்கானல் ஜனவரியில் வேர்வை! 'கேளடி கண்மணி' சாரதா டீச்சரோட அப்பா அம்மா ரெண்டு பேரும் வாய் பேச முடியாத, காது கேட்காதவங்க, அது திடீர்னு ஞாபகம் வந்து எனக்கு உடம்பெல்லாம் சிலிர்க்குது, அந்தப் பொண்ணு ஒரு கோடி ரூபாயை ஜெயிக்குது, நான் நாற்காலி மேல ஏறி நிக்கிறேன், என் பொண்டாட்டி அழுவுறா, பக்கத்து வீட்டிலிருந்து விசில் சத்தம் வருது!

நாங்க ஓய்ஞ்ச பிறகு எனக்கு என்னவோ தோணுச்சு. அடுத்த நாள் ராத்திரி, ரிமோட்டை எடுத்துச் சத்தத்தை முழுசா அடக்கிட்டு, அப்பத்தா பக்கத்தில் போய் உட்கார்ந்தேன். இருபது வருஷமாக் காதால் பார்த்துக்கிட்டிருந்தவன் முதல் தடவையாக் கண்ணால் பார்க்கிறேன். எதிரே இருக்கிறவங்க பேசும்போது ராதிகா எப்படிக் கேட்கிறாங்கன்னு நீங்க கவனிச்சிருக்கீங்களா? தலை லேசாச் சாயும், புருவம் ஒரு நூல் ஏறும், உதடு பேச வந்து நின்னு, விட்டுக்கொடுத்து, பிறகு சிரிக்கும். அடடா, இத்தனையும் இத்தனை வருஷமா அங்கேதான் இருந்திருக்கு, நான்தான் படியிலேயே நின்னுட்டேன்!

என் பையன் விளையாடிட்டு ஓடி வந்தான், கதவு ஆவுன்னு திறந்து கிடந்தது, பனி உள்ளே வந்தது. அப்பத்தா திரையை விட்டுக் கண்ணை எடுக்கலை.

"கதவைச் சாத்துடா, அவ வந்துட்டா."