பத்துமணிப் பூ: கிள்ளி நட்டால் போதும்

தென் அமெரிக்காவிலிருந்து வந்த பத்துமணிப் பூ, தமிழகத்து மொட்டை மாடிகளில் டேபிள் ரோஸ் என்ற பெயரிலும் படர்கிறது. விதையிலும் முளைக்கும், ஆனால் தாய்ச்செடியின் நிறமும் அடுக்கிதழும் அப்படியே வேண்டுமென்றால் தண்டுதான் நம்பகமானது.

நுனியிலிருந்து மூன்று அங்குலம் விட்டு, கணுவுக்குச் சற்றுக் கீழே கிள்ள வேண்டும். அடி இலைகளை உருவிவிட்டு மொட்டுகளையும் நீக்குவது நல்லது. மனசு வராதுதான், ஆனால் பூக்கும் தண்டு வேர்விடத் தாமதிக்கும்.

தண்டு முழுக்க நீர். பச்சைக் காயத்தோடு ஈர மண்ணில் செருகினால் அடி கறுத்துக் கூழாகிவிடும். அதனால் சில மணி நேரம் நிழலில் போட்டு, கிள்ளிய வாய் காய்ந்தபின் நடுகிறார்கள். செம்மண்ணும் மணலும் கலந்த தொட்டியில் ஒரு கணுவாவது மண்ணுக்குள் இருக்க வேண்டும். வேர் பெரும்பாலும் அங்கிருந்துதான் கிளம்புகிறது. மண் காய்ந்த பிறகே தண்ணீர்.

ஒன்றிரண்டு வாரங்களில் நுனியில் புதுத் தளிர் தெரியும். மெல்ல இழுத்தால் தண்டு வராது. பிறகு நல்ல வெயிலுக்கு மாற்றலாம். நிழலில் பூ விரிவதில்லை. அக்கம்பக்கத்தில் தண்டு கேட்கக் கூச்சப்பட வேண்டாம், கிள்ளக் கிள்ளத் தாய்ச்செடியும் கிளைத்து அடர்கிறது.