தொடாமல் ஆடும் நால்வர்

கபடியில் பாடிப் போகிறவர் எதிரணியில் ஒருவரைத் தொட்டுவிட்டுக் கோட்டுக்குத் திரும்பினால் புள்ளி. வெளியே உட்கார்ந்திருக்கும் சொந்த அணிக்காரர் ஒருவருக்கும் உயிர் வந்துவிடும். பாடிப் போகிறவரை மடக்கக் காத்திருப்பவர்கள் ஒருவர் கையை ஒருவர் கோத்து நிற்கிறார்கள். உடம்போடு உடம்பு உரசாமல் அந்த ஆட்டமே இல்லை.

நாடகாசிரியர் சாமுவேல் பெக்கெட் எழுதி இயக்கிய ‘குவாட்ராட்’ என்ற தொலைக்காட்சி நாடகம் இதற்கு நேர் எதிரான ஆட்டம். ஜெர்மனியின் ஸ்டுட்கார்ட் தொலைக்காட்சி 1981 அக்டோபர் 8 அன்று அதை ஒளிபரப்பியது. வசனம் கிடையாது, கதை கிடையாது. ஒரு சதுரக் களம், நான்கு பேர். வெள்ளை, மஞ்சள், நீலம், சிவப்பு என ஆளுக்கொரு அங்கி. முக்காட்டில் முகம் தெரியாது. ஆளுக்கொரு தாளக் கருவி. அவர் களத்தில் இருக்கும்வரை அது ஒலிக்கும்.

கால்வேலை அபாரம். பக்கத்துக்கு ஆறு தப்படி என்பது பெக்கெட் போட்ட கணக்கு. முதலில் ஒருவர், பிறகு இருவர், மூவர், நால்வர். நாலு மூலையிலிருந்தும் நடுவை நோக்கி ஒரே நேரத்தில் விரைகிறார்கள். மோதப்போகிறார்கள் என்று நாம் பதறும்போது எல்லோரும் இடப்பக்கம் ஒடித்து விலகிவிடுகிறார்கள். நடுப்புள்ளி அபாயப் பகுதி. அதை யாரும் மிதிக்கக் கூடாது. ஒவ்வொரு சுற்றிலும் இதேதான். இவ்வளவு துல்லியமான ஒத்திசைவில் ஒருவரும் மற்றவரை ஏறிட்டுப் பார்ப்பதில்லை. நடுவர் இல்லை, புள்ளியும் இல்லை.

இரண்டாம் பகுதியில் நிறங்கள் போய்விடுகின்றன, தாளமும் நின்றுவிடுகிறது. நடை தளர்ந்து, கால் தேயும் ஓசை மட்டும் மிஞ்சுகிறது. என் கணிப்பில் முதல் பகுதியைவிட இதுவே வலுவானது. வேகம் மறைத்த தனிமையை இந்தத் தளர்ச்சி காட்டிக் கொடுக்கிறது.

ஆர்.கே.பேட்டையில் விசைத்தறிக் கூடத்தில் வேலை பார்த்தவர்களுக்கு இந்த நடை புதிதல்ல. தறிகளுக்கு இடையே நாள் முழுக்க அதே தடம். இரைச்சலில் பக்கத்துத் தறிக்காரர் பேசுவது காதில் விழாது. அந்த ஊர்ப் பையன்களுக்கு மாலையில் ஒரு கபடிக் களம் எவ்வளவு அவசியம் என்பதை எனக்கு அழுத்தமாக உணர்த்தியது இந்த ஜெர்மன் படம்தான்.

திருவிழாவுக்குக் கபடிப் போட்டி நடத்தும் தம்பிகளே, இறுதி ஆட்டத்துக்கு முன் திரை கட்டி இதைப் போட்டுக் காட்டுங்கள். இரண்டு பகுதியும் சேர்ந்து ஏறத்தாழ கால் மணி நேரம்தான்.