சினிமா ராணியின் பேனா

எங்கள் சிவகாசிச் சீமையில், வெடித்துச் சிதறிய காகிதத்தை யாரும் எடுத்துப் பத்திரப்படுத்துவதில்லை. அந்தக் காலத்துச் சினிமாப் பிலிமும் ஏறக்குறைய அதே ஜாதிதான். நைட்ரேட் பிலிம் என்று பெயர். சுலபமாகத் தீப்பிடிக்கும், பிடிக்காவிட்டாலும் நாளடைவில் மக்கிப்போகும். 1931-ல் வந்த 'காளிதாஸ்' இன்று இல்லை. 1936-ல் வந்த 'மிஸ் கமலா'வும் இல்லை. ஆகவே, டி. பி. ராஜலக்ஷ்மியைப் பற்றி எழுத உட்காருகிறவன், பார்க்காத படத்துக்கு அபிப்பிராயம் சொல்லும் அசட்டுத்தனத்துக்குத் துணிய வேண்டியிருக்கிறது.

அதற்கு அஞ்சித்தானோ என்னவோ, 'தமிழின் முதல் பேசும்படக் கதாநாயகி' என்று சொல்லிவிட்டு எல்லாரும் எழுந்துவிடுகிறார்கள். முதலில் வந்தது காலத்தின் தற்செயல். கலையை அளக்கும் கோல் அல்ல.

'காளிதாஸ்' படத்தில் நாயகர் தெலுங்கில் பேச, ராஜலக்ஷ்மி தமிழில் பேசினார். கதைக்குச் சம்பந்தமில்லாமல், மதுரை பாஸ்கரதாஸ் இயற்றிய காந்தி ராட்டினப் பாட்டையும் பாடினார். ஒட்டாத பாட்டு என்று இதைக் குறை சொல்லலாம். நான் சொல்லமாட்டேன். சிவகாசியில் பிறந்த விசுவநாததாஸ், 'வள்ளி திருமணம்' நாடகத்தில் முருகன் வேஷத்தோடு தேசியப் பாட்டுப் பாடியவர். அத்தகைய பாட்டுக்காகவே பலமுறை சிறை சென்றவர். கதையை நிறுத்திவிட்டுச் சபையோடு நேரே பேசுவது அந்த மேடையின் தர்மம். ராஜலக்ஷ்மியும் அந்த மேடையில் வளர்ந்தவர்தான். காமிராவையும் முன்வரிசை ரசிகன் ஒருவனாகவே அவர் பாவித்திருக்க வேண்டும்.

அதே 'வள்ளி திருமணம்' 1933-ல் படமாகி, வள்ளியாக நடித்த அவரைப் புகழின் உச்சிக்குக் கொண்டுபோயிற்று. 'சினிமா ராணி' என்றார்கள். மற்றவர்களாயிருந்தால் அத்துடன் திருப்தியடைந்திருப்பார்கள். அவரோ, தாம் எழுதிய 'கமலவல்லி' நாவலை எடுத்துக்கொண்டு, தாமே தயாரித்து, தாமே டைரக்ட் செய்து, தாமே நடித்து, 'மிஸ் கமலா'வாக்கினார். வள்ளி, பிறர் கொடுத்த வேஷம். கமலா, சொந்தப் பேனாவில் பிறந்தவள். அறியாப் பருவத்தில் நடந்த கல்யாணத்தை உதறிவிட்டு மேடைக்கு வந்த ஒரு பெண், தன் காலத்துப் பெண்ணின் கதையைத் தானே சொல்ல விரும்பினாள். அவருடைய கலைவாழ்வின் சிகரம் இந்த விருப்பம்தான் என்பது என் கட்சி.

படம் நன்றாயிருந்ததா? இனி யாராலும் தீர்ப்புச் சொல்ல முடியாது. 1964-ல் அவரும் மறைந்துவிட்டார்.

புஸ்வாணத்தில் பூவைத்தான் ஊர் பார்க்கிறது. மருந்து அடைத்த கையை யாரும் கேட்பதில்லை. ராஜலக்ஷ்மி பூவாகவும் நின்றார், மருந்தும் அடைத்தார். பூவை மட்டும் நினைவில் வைத்திருப்பது, ரசிகர்களாகிய நம்முடைய குறை.